பின்னால், ஒன்பது அடி

காலையில் அந்த ஃபைலின் அளவு நானூற்றுப் பன்னிரண்டு கே.பி. இப்போது நானூற்றுப் பதினெட்டு.

கலையரசி நோட்டை வெளிச்சத்துக்குத் திருப்பிப் பார்த்தாள். சோதனைக்கு வரும் எந்த ஃபைலானாலும் தொடுவதற்கு முன் பெயர், அளவு, தேதி மூன்றையும் குறித்துவைப்பது அவளுடைய பழக்கம். பெயர் 'கேள்'. அளவு 412. எழுதிய நேரம் பத்தே முக்கால். அவள் கையெழுத்துதான், சந்தேகம் இல்லை. ஆனால் திறந்து ஓட்டாத புரோகிராம் ஃபைல் வளராது. மடித்துப் பீரோவில் வைத்த சட்டை தானாக ஒரு சுற்று பெரிதாவதில்லை.

கை தவறி எழுதியிருப்போம் என்று நினைத்துக்கொண்டு பக்கத்திலேயே 418 என்று எழுதினாள். நேரம் பதினொன்று இருபது.

அன்று கள்ளக்குறிச்சி முழுக்கக் கடையடைப்பு. துருகம் ரோட்டிலிருந்து பிரியும் அந்தச் சந்தில் டீக்கடைகூடத் திறக்கவில்லை. முதலாளி இளஞ்செழியன் காலையில் அவளை உள்ளே விட்டு, ஷட்டரை இறக்கி, இரண்டு பக்கமும் வெளியிலிருந்து பூட்டுப் போட்டுவிட்டுப் போயிருந்தார். “பாதி தொறந்து வச்சா வந்து கல்லு வுடுவானுங்க. நாலு மணிக்கி வந்து தொறக்கறேன். சோறு எடுத்தாந்திருக்க இல்ல?” என்று கேட்டுவிட்டுத்தான் போனார். போன கடையடைப்பின்போதும் இப்படித்தான் செய்தார். அன்றைக்கு அவள் பாட்டுக் கேட்டுக்கொண்டே ஆறு லேப்டாப் சரிபார்த்தாள்.

கடை எட்டடி அகலம், பதினாலடி நீளம். பின்சுவரில் ஜன்னல் கிடையாது. அதற்கு அப்பால் வருஷக்கணக்காக மூடிக் கிடக்கும் மக்காச்சோளக் குடோன். பின்சுவரைப் பார்த்தபடி அவளுடைய மேசை. முதுகுக்குப் பின்னால், சரியாக ஒன்பது அடியில் ஷட்டர். அதில் காற்றுக்காகப் போட்டிருந்த துளைகள் வழியாக வெயில் கடலைப்பருப்பு அளவு பொட்டுகளாகத் தரையில் விழுந்து, யாரும் பார்க்காதபோது மட்டும் நகர்வதுபோல நகர்ந்துகொண்டிருந்தது. சூடேறிய இரும்பு அவ்வப்போது டிக் டிக் என்று நெட்டி முறித்தது. பழைய சால்டரிங் புகையும் எலி நாற்றமும் ஃபேன் காற்றில் சுற்றிச் சுற்றி வந்தன.

அந்த ஃபைலைக் கொண்டுவந்தவர் பச்சமுத்து. வெள்ளிமலைக்கு மேலே ஒரு சின்ன ஊரில் சாமை போடுகிறவர். நேற்று மத்தியானம் ஒரு லேப்டாப்பைத் துண்டில் சுற்றி, குழந்தையைப்போல மார்போடு அணைத்துக்கொண்டு வந்தார். அது அவர் தங்கை பெரியநாயகியுடையது. பிறவியிலேயே காது கேளாது, வாய் பேசாது. கீழே வந்து விடுதியில் தங்கிப் படித்தவள். ஊருக்குத் திரும்பி, மலைக்காரர்களுக்கு மனு, விண்ணப்பம் எல்லாம் டைப் செய்து கொடுத்துக்கொண்டிருந்தாள். யாரோ அவளுக்கு இந்தப் புரோகிராமைக் கொடுத்திருக்கிறார்கள். சுற்றி யார் என்ன பேசினாலும், எந்தப் பக்கத்தில், எத்தனை அடி தூரத்தில் பேசினார்கள் என்பதோடு சேர்த்துத் திரையில் எழுதிக் காட்டுமாம். இரண்டு மாதத்துக்கு முன்னால் அவள் இறந்துபோனாள்.

“காய்ச்சல்ல போயிட்டா மேடம்,” என்றார் தரையைப் பார்த்துக்கொண்டு. “அவ படிச்ச எடத்துல மலர்விழின்னு ஒரு டீச்சரு. அவங்களாண்ட காது கேக்காத புள்ளைங்க நாப்பது பேரு படிக்குதுங்க. இது எங்க புள்ளைங்களுக்கு ஒதவும், குடுங்கன்னு கேக்கறாங்க. எனுக்கு இன்னா தெரியும்? நல்லதா கெட்டதான்னு பாத்து ஒரு பேப்பர்ல எழுதி குடுத்துடுங்க.”

“பாத்துட்டு சொல்றேங்கண்ணா.”

“நீங்களே பாக்கணும்,” என்றார். எழுந்து வாசல்வரை போய், திரும்பி வந்து, இன்னொரு முறையும் சொன்னார்.

காலையில் முதலில் செய்ய வேண்டியதையெல்லாம் செய்தாள். புரோகிராமைச் செய்தவரின் டிஜிட்டல் கையெழுத்து ஃபைலில் இருக்கிறதா என்று பார்த்தாள், இல்லை. கம்பெனிப் பெயர் இல்லை. செல்போன் நெட்டை வைத்து, எழுபது வைரஸ் சோதனைகளை ஒரே நேரத்தில் செய்துகாட்டும் தளத்தில் ஏற்றினாள். எழுபதும் பச்சை. எதுவும் குறை சொல்லவில்லை. கீழே ஒரு வரி மட்டும், 'இந்த ஃபைலை இதற்கு முன் யாரும் சோதனைக்குக் கொடுத்ததில்லை' என்றது.

எழுபது பச்சையைப் பார்த்ததும் மற்ற கடைக்காரர்கள் 'நல்லது' என்று எழுதிக் கொடுத்துவிடுவார்கள். கலையரசி கொடுக்க மாட்டாள். கள்ளச்சாராயச் சாவுகளால் கருணாபுரத்துத் தெருவெல்லாம் பந்தல் போட்ட அந்த ஜூன் மாதத்தில் அவள் வீட்டு வாசலிலும் ஒரு பந்தல் இருந்தது. ஆஸ்பத்திரிக் கட்டிலில் கண் தெரியாமல் கிடந்த அப்பா, “நல்லதுதான்னு சொன்னாம்மா,” என்று மட்டும் இரண்டு முறை சொன்னார். அதற்குப் பிறகு ஒன்றும் சொல்லவில்லை. அன்றிலிருந்து தான் பார்க்காத எதையும் நல்லது என்று அவள் யாருக்கும் சொன்னதில்லை.

முதலாளிக்குப் போன் செய்து அளவு மாறுவதைச் சொன்னாள். “தப்பா எழுதியிருப்ப. இன்னொரு வாட்டி பாரு,” என்றார். பார்த்தாள். 423.

அம்மா பாப்பாத்தி கூப்பிட்டு, “சாப்ட்டியா? கூட்டம் கீட்டம் வந்தா வெளிய எட்டிப் பாக்காத,” என்றாள். நாலு வார்த்தை பேசிவிட்டு வைத்தாள். 427.

போனை மேசையில் கவிழ்த்து வைத்துவிட்டுக் கொஞ்ச நேரம் வாயைத் திறக்காமல் உட்கார்ந்திருந்தாள். ஐந்து நிமிடம். பத்து நிமிடம். 427. அசையவில்லை. பிறகு யாருக்கும் கேட்காத மெல்லிய குரலில், “ஒண்ணு, ரெண்டு, மூணு,” என்றாள்.

428.

லேப்டாப்பில் மைக் இருக்கிறது. ஏதோ ஒரு வகையில் அது கேட்டுக்கொண்டிருக்கிறது என்று தனக்குத்தானே விளக்கம் சொல்லிக்கொண்டாள். அதனால் ஃபைலைப் பென் டிரைவில் எடுத்து, கடையின் சோதனை மெஷினுக்கு மாற்றினாள். அது பழைய டெஸ்க்டாப். மைக் கிடையாது, கேமரா கிடையாது, நெட் கேபிள் எந்தக் காலத்திலோ பிடுங்கப்பட்டது. அதற்குள் இன்னொரு பொய்க் கம்ப்யூட்டரை உருவாக்கி வைத்திருந்தார்கள். கடையில் அதைப் 'பெட்டி' என்பார்கள். சந்தேகப்படும் புரோகிராமை அதற்குள் ஓடவிட்டால் உள்ளே என்ன நாசம் செய்தாலும் வெளியே வராது. பெட்டியை மூடினால் எல்லாம் அழிந்துவிடும்.

பெட்டிக்குள் ஃபைலை வைத்தாள். 428 என்று காட்டியது. இருமினாள். அப்படியே இருந்தது. மனசு கொஞ்சம் அடங்கியது. “அவ்ளோதான்,” என்றாள்.

429.

மெஷினின் பின்பக்கம் குனிந்து ஒவ்வொரு துளையாக விரலால் தடவிப் பார்த்தாள். கீபோர்டு, மவுஸ், மானிட்டர், கரண்ட். வேறு எந்த ஒயரும் இல்லை. எழுந்தபோது கழுத்துப் பக்கம் வியர்த்திருந்தது. இதை இப்படியே விட்டுவிட்டு நாலு மணிவரை சும்மா உட்கார்ந்திருக்கலாம். ஆனால் நாப்பது பிள்ளைகள். இது என்ன செய்யும் என்று பார்க்காமல் எதை எழுதிக் கொடுப்பது?

திறந்தாள்.

ஒரு வெள்ளைச் சதுரம் வந்தது. வேறு எதுவும் இல்லை. பட்டன் இல்லை, பெயர் இல்லை. அவளையறியாமல், “இதானா?” என்றாள். கறுப்பு எழுத்துகள் ஒவ்வொன்றாக வந்தன.

*நீங்கள்: இதானா*

அதன் கீழே உடனே இன்னொரு வரி.

*பின்னால், இருபத்திரண்டு அடி: ஒரு டீ கூட கெடைக்கல பாரு*

அப்போதுதான் வெளியே சந்தில் பூட்ஸ் சத்தமும், ஒரு போலீஸ்காரர் சிரிப்பதும் கேட்டன. அவர்தான் டீயைப் பற்றிப் பேசியிருக்கிறார். அவள் காதில் விழுந்ததுதான். உண்மையில் அழகான புரோகிராம். மைக் இல்லாமல் எப்படி என்பதுதான் புரியவில்லை. இளஞ்செழியன் சார் வந்தால் கேட்க வேண்டும். அவருக்கும் தெரியாது.

*பின்னால், இருபத்திரண்டு அடி: வா, பஸ் ஸ்டாண்டாண்ட போய் பாக்கலாம்*

பூட்ஸ் சத்தம் தேய்ந்து போனது. சந்து அமைதியானது. ஃபேன் சுற்றியது. குடோன் பக்கத்தில் எலி எதையோ இழுத்தது.

*பின்னால், ஒன்பது அடி: உள்ள ஆளு இருக்குது*

அவள் காதில் எதுவும் விழவில்லை. ஒன்பது அடி என்றால் ஷட்டர். ஷட்டருக்கு அந்தப் பக்கம் வாயை வைத்து யாரோ கிசுகிசுத்திருக்க வேண்டும். கடையடைப்புக்காரர்கள். எழுந்து, செருப்பைக் கழற்றிவிட்டு, வெறுங்காலோடு போய் ஒரு துளையில் கண்ணை வைத்தாள். வெயிலில் சந்து வெள்ளையாக எரிந்தது. எதிர்க்கடை நிழலில் ஒரு நாய் படுத்திருந்தது. நாய் தலையைத் தூக்கவே இல்லை. வேறு யாரும் இல்லை. இந்தக் கோடியிலிருந்து அந்தக் கோடிவரை யாரும் இல்லை.

திரும்பி வந்து உட்கார்ந்தாள். இரண்டு புது வரிகள் காத்திருந்தன.

*பின்னால், ஏழு அடி: ஒரே ஆளுதான்*

*பின்னால், ஆறு அடி: பொண்ணு*

ஆறு அடி என்பது கடைக்குள்ளே. இப்போது அவள் நடந்துவந்த இடம். ஷட்டருக்கும் நாற்காலிக்கும் நடுவில்.

திரும்பிப் பார்க்க வேண்டும் என்று தோன்றியது. கழுத்து திரும்ப மறுத்தது. கண் ஓரத்தில் வெயில் பொட்டுகள் தெரிந்தன; வரிசையாக, ஒன்றுவிடாமல், எதுவும் நடுவில் நின்று மறைக்காமல். அதைத் தெரிந்துகொண்டபின்தான் திரும்பினாள். ரேக். பழைய மானிட்டர்கள். தண்ணீர்க் கேன். ஷட்டர்.

அப்போது கரண்ட் போனது.

ஃபேன் சுழற்சி குறைந்து குறைந்து நின்றது. ஃபேன் சத்தம் இருந்தவரை அது ஒரு சத்தம் என்றே அவளுக்குத் தெரியவில்லை. நின்றதும்தான் கடை எவ்வளவு சின்னது என்று தெரிந்தது. யு.பி.எஸ். முப்பது நொடிக்கு ஒரு முறை பீப் என்றது. சோதனை மெஷின் மட்டும் அதில் ஓடிக்கொண்டிருந்தது. வெள்ளைச் சதுரத்தின் வெளிச்சம் கடைக்குள் பட்டுச் சிதறிப் பின்சுவரில் மங்கலாக விழுந்து, அதில் அவளுடைய தலையின் நிழல் இல்லாமல், வெறும் சுவராகத் தெரிந்தது. ஏனென்றால் அவள் திரைக்கு இந்தப் பக்கம் இருந்தாள். அப்படித்தான் இருக்கும். அவள் அதை இரண்டு முறை யோசித்துச் சரிபார்த்துக்கொண்டாள்.

*பின்னால், மூன்று அடி: பயப்படுது*

“யாரு?” என்றாள்.

கேட்டிருக்கக் கூடாது.

*நீங்கள்: யாரு*

*பின்னால், இரண்டு அடி: யாரு*

*பின்னால், ஒரு அடி: யாரு*

*பின்னால், ஒரு அடி: யாரு யாரு யாரு*

சொல்லிப் பழகுவதுபோல. ஒரு குழந்தை புதுச் சொல்லை வாயில் போட்டுப் புரட்டுவதுபோல. அவள் இரண்டு கையாலும் வாயைப் பொத்திக்கொண்டாள். பிடரியில் எதுவும் படவில்லை, மூச்சுக்காற்று இல்லை, சூடு இல்லை, குளிர் இல்லை. யு.பி.எஸ். பீப் என்றது. அடுத்த வரி வந்தது.

*நீங்கள்: யாரு*

அவள் வாயைத் திறக்கவே இல்லை.

போனை எடுத்தாள். காலையெல்லாம் நெட் போட்டு வைத்திருந்ததில் சார்ஜ் மூன்று சதவீதம். கரண்ட் இல்லை; உயிரோடு இருப்பது அந்த மெஷின் ஒன்றுதான், அதில் போனைச் சொருக அவளுக்குத் துணிவு இல்லை. பச்சமுத்துவைக் கூப்பிட்டாள். மணி அடித்துக்கொண்டே இருந்தது. கடைசியில் எடுத்தார். பின்னால் காற்று இரைந்தது. மலையில் எப்போதும் இருக்கும் காற்று.

“அண்ணா, கம்ப்யூட்டர் கடையிலேர்ந்து கலையரசி பேசறேன். ஒங்க தங்கச்சி எப்பிடி செத்தாங்க? நெசத்த சொல்லுங்க.”

அவர் எழுந்து தள்ளிப் போகும் காலடி கேட்டது. காற்று இன்னும் பலமாக இரைந்தது.

“அண்ணா, சார்ஜ் போவப்போவுது. சொல்லுங்க.”

“ரூமுக்குள்ள இருந்தா மேடம்,” என்றார். “எப்பவும் அந்த கம்ப்யூட்டர வச்சிக்கினு உள்ளயே இருப்பா. ஒரு நாளு கதவு தொறக்கல. அம்மா போயி தட்டிச்சி. உள்ளேருந்து, 'நான் நல்லாகீறேம்மா, நீ போ'ன்னு சொன்னா.”

“சொன்னாங்களா? அவங்களுக்குத்தான் பேச்சு...”

“ஆமாம் மேடம். இருவத்தாறு வருசம் ஒரு சத்தம் வராத பொண்ணு. நல்ல கொரல் மேடம். அவளுக்கு கொரல்னு ஒண்ணு இருந்தா அப்பிடித்தான் இருக்கும், அந்த மாதிரி. எங்கம்மா கீழ வுழுந்து கும்புட்டுச்சி. எம் பொண்ணுக்கு பேச்சு வந்துடிச்சின்னு ஊரையே கூப்ட்டு காமிச்சிச்சி. மூணு நாளு கதவாண்டயே ஒக்காந்து அவகிட்ட பேசிக்கினு இருந்திச்சி. சாப்புடறியான்னா, சாப்ட்டேன்றா. வெளிய வாடின்னா, நாளைக்கி வரேன்றா. நாங்களும் சந்தோசத்துல இருந்துட்டோம். கதவ ஒடைக்கணும்னு யாருக்கும் தோணல.”

“அப்புறம்?”

“நாத்தம் வந்திச்சி. அப்பதான் ஒடைச்சோம். உள்தாப்பா சிக்கிக் கெடந்திச்சி. டாக்டரு, இவ செத்து ரெண்டு நாளாவுதுன்னாரு. கைய பாத்தோம் மேடம். கதவ குத்தி குத்தி எலும்பு தெரியுது. கதவுல ரத்தம். நாங்க அங்கயேதான் இருந்தோம். ஒரு தட்டு கூட எங்க காதுல வுழல.”

ஷட்டர் இரும்பு டிக் என்றது.

“அவ சாவுக்கும் அந்த ஃபைலுக்கும் சம்பந்தம் இல்லன்னுதான் எல்லாரும் சொன்னாங்க. எனுக்குத்தான் மனசு கேக்கல. அதான் ஒங்களாண்ட எடுத்தாந்தேன்.”

“அண்ணா, நல்லா கேட்டுக்குங்க,” என்றாள் கலையரசி. ஒவ்வொரு சொல்லையும் பிரித்துச் சொன்னாள். “அத யாருக்கும் குடுக்காதீங்க. டீச்சருக்கு குடுத்திருந்தா திருப்பி வாங்கிடுங்க. தொறக்க வேணாம்னு சொல்லுங்க. அப்புறம் எங்க சாருக்கு போன் போட்டு ஒடனே வந்து கடைய தொறக்க சொல்லுங்க.”

“அப்பிடிங்களா மேடம்,” என்றார் பச்சமுத்து. பெரிதாக மூச்சு விட்டார். “இப்பதான் மனசு லேசாச்சி.”

“இன்னா?”

“நீங்களே பாத்து சொல்லிட்டீங்க, இதுக்கு மேல இன்னா? பென் டிரைவு டீச்சராண்டதான் இருக்குது. நீங்க சொல்ற வரைக்கும் போடாதீங்கன்னு சொல்லி வச்சிருந்தேன். இப்பவே சொல்லிடறேன்.”

“அண்ணா, நான் வேணாம்னு சொல்றேன். வேணாம். கேக்குதா?”

“ரொம்ப சந்தோசம் மேடம். நல்லாருங்க.”

போன் அணைந்தது. அவள் திரையைப் பார்த்தாள்.

*நீங்கள்: நல்ல ஃபைல்தாங்கண்ணா. நானே ஓட்டிப் பாத்தேன்*

*நீங்கள்: ஒங்க தங்கச்சிக்கும் இதுக்கும் சம்பந்தம் இல்ல*

*நீங்கள்: புள்ளைங்களுக்கு தாராளமா போட்டு குடுங்க*

அவள் சொன்ன ஒரு சொல்கூட அதில் இல்லை.

யு.பி.எஸ்.ஸைக் காலால் உதைத்து அணைத்தாள். திரை செத்தது. ஒயரைப் பிடுங்கினாள். ஹார்டு டிஸ்கைக் கழற்றித் தரையில் வைத்து, சுத்தியலால் அது தகரத் துண்டாகும்வரை அடித்தாள். லேப்டாப்பையும் அடித்தாள். பென் டிரைவையும். கை வலித்தது. பிறகு பின்சுவரில் முதுகை ஒட்டி, ஷட்டரைப் பார்த்தபடி தரையில் உட்கார்ந்தாள்.

“கலையரசி,” என்று தன் பெயரைச் சொல்லிப் பார்த்தாள். குரல் இருந்தது. நன்றாகக் கேட்டது. சுத்தியலால் ரேக்கைத் தட்டினாள். கேட்டது. முடிந்துவிட்டது என்று நினைத்தாள். திரை இல்லை, இனி அது பேச முடியாது. இனி பேசினாலும் தனக்குத் தெரியாது என்பது கொஞ்ச நேரம் கழித்துத்தான் உறைத்தது.

வெயில் பொட்டுகள் தரையைக் கடந்து ரேக்கின்மேல் ஏறின. கடைக்குள் காற்று கொதித்தது. தண்ணீர் குடித்தாள். சோற்றுப் பையைத் திறக்கவில்லை. யாரும் இல்லாத கடையின் நடுவில் யாரும் இல்லை என்பதையே பார்த்துக்கொண்டிருந்தாள். பின்னால் சுவர் இருக்கிறது என்று கையால் அடிக்கடி தொட்டுப் பார்த்துக்கொண்டாள்.

நாலு மணிக்கு பைக் சத்தம் கேட்டது. சாவிக்கொத்து குலுங்கியது.

ஓடினாள். துளையில் கண்ணை வைத்தாள். இளஞ்செழியன் சார் ஹெல்மெட்டைக் கழற்றிக்கொண்டிருந்தார்.

“கலை, முடிஞ்சிச்சா?”

“சார், தொறங்க சார். மொதல்ல தொறங்க.”

அவர் தலையாட்டினார். “அப்பிடியா? இன்னும் எவ்ளோ நேரம் ஆவும்?”

“சார்.”

“சரி, சரி. அதுவும் நல்லதுதான். மூலையில ஆளுங்க நிக்கிறானுங்க. இப்ப தொறந்தா பிரச்சன பண்ணுவானுங்க. பொழுது போனதும் வரேன், இன்னா?”

அவர் காதைச் சாய்த்து எதையோ கேட்டார். சிரித்தார். “அதெல்லாம் நான் சொல்லிக்கறேன் ஒங்கம்மாகிட்ட.”

அவர் யாருக்கோ பதில் சொல்லிக்கொண்டிருந்தார்.

கலையரசி சுத்தியலை எடுத்து ஷட்டரை அடித்தாள். இரும்பு அலறியது. அவள் காது வலித்தது, பல் கூசியது. மறுபடி அடித்தாள். மறுபடி. ஷட்டர் முழுக்க அதிர்ந்து அவள் கை வழியாகத் தோள்வரை ஏறியது. இரண்டடி தூரத்தில் இளஞ்செழியன் சார் சட்டைக் காலரைத் தூக்கி விட்டுக் மார்பில் ஊதிக்கொண்டிருந்தார். நிழலில் கிடந்த நாய் காதைக்கூட அசைக்கவில்லை.

ஒரு வேன் வந்து நின்றது. பச்சைச் சீருடையில் பத்துப் பன்னிரண்டு பிள்ளைகள். எல்லாரும் கைகளால் பேசிக்கொண்டிருந்தார்கள். கண்ணாடி போட்ட ஒரு பெண் இறங்கினார். “மருத்துவ முகாமுக்கு வந்தோம் சார். அந்த ஃபைல் விஷயமா பச்சமுத்து போன் பண்ணாரு. நான் மலர்விழி டீச்சர்.”

“பொண்ணு உள்ளதான் இருக்குது டீச்சர். நீங்களே கேட்டுக்குங்க.”

டீச்சர் ஷட்டருக்கு அருகே வந்தார். அவர் கண்ணாடியில் துளைகளின் வரிசை தெரிந்தது. கலையரசி அந்தத் துளையில் வாயை வைத்துக் கத்தினாள். போடாதீங்க. போடாதீங்க. தொண்டை கிழிந்து உப்புச் சுவை வந்தது.

டீச்சரின் முகம் மலர்ந்தது. “ரொம்ப நன்றிங்க. லெட்டர் மெதுவா குடுங்க, அவசரம் இல்ல. மத்தியானமே ஒரு லேப்டாப்புல போட்டுட்டேன். ஒரு பொண்ணு வர்ற வழியெல்லாம் அதத்தான் படிச்சிக்கிட்டு வருது.” ஷட்டரைப் பார்த்துக் கை கூப்பினார்.

மேசைக்கு ஓடி ஒரு செம்புக் கம்பியை எடுத்துவந்து துளை வழியாக வெளியே நீட்டினாள். ஆட்டினாள். சார் பைக்கைத் திருப்பிக்கொண்டிருந்தார். டீச்சர் வேனில் ஏறிக்கொண்டிருந்தார். ஒருவரும் பார்க்கவில்லை.

ஒரே ஒரு பெண் பார்த்தாள். கடைசிக்கு முந்தைய ஜன்னலில், ரெட்டைப் பின்னல், ஒன்பது வயது இருக்கலாம். மடியில் சின்ன லேப்டாப். வெயிலில் மின்னிய கம்பியை அவள் கண் பிடித்துக்கொண்டது. விரலை நீட்டிக் காட்டினாள். டீச்சரின் தோளைத் தட்டினாள். டீச்சர் சிரித்துக்கொண்டே அவள் கன்னத்தைத் தடவி, வெயில் படுகிறது என்று ஜன்னலை மூடினார்.

வேன் உறுமியது. கலையரசி கம்பியை விடவில்லை.

கண்ணாடிக்குள் அந்தப் பெண் குனிந்து திரையைப் பார்த்தாள். படித்தாள். அவள் உதடுகள் அசைவது நின்றது. மெல்லத் திரும்பினாள். அவளுக்குப் பின்னால் கடைசி சீட் காலியாக இருந்தது. அதைக் கொஞ்ச நேரம் பார்த்தாள். பிறகு சின்னக் கையை விரித்து, அந்தக் காலி சீட்டைப் பார்த்து, ஏதோ கேட்டாள்.